வளைகுடா வேலை: தனியாகப் போவதா, குடும்பத்தோடா?

எங்கள் ராமநாதபுரம் பக்கம் இந்தக் கேள்வி வராத வீடு குறைவு. அத்தா (அப்பா) சவூதியில் 22 வருஷம் தனியாக இருந்த சபுராளி, அதாவது வெளிநாட்டுக்குச் சம்பாதிக்கப் போனவர், நான் ஷார்ஜாவில் எட்டு வருஷமாக மனைவி, மகளோடு இருக்கிறேன். ரெண்டையும் பார்த்தாயிற்று.

கணக்கு மட்டும் பார்த்தால் தனியாகப் போவதுதான் லாபம், அதில் பேச்சே இல்லை. பெட் ஸ்பேஸ் (பலர் தங்கும் அறையில் ஒரு கட்டில் மட்டும் வாடகைக்கு), நாலு பேர் சேர்ந்து சமையல், மிச்சம் அப்படியே ஊருக்கு. அமீரகத்தில் குடும்பத்தைக் கூப்பிட 4,000 திர்ஹம் சம்பளம் வேண்டும், கம்பெனி தங்குமிடம் கொடுத்தால் 3,000 போதும், ஆனால் அது விசா வாங்கத்தான். அந்தச் சம்பளத்தில் வாடகையும் சிபிஎஸ்இ ஸ்கூல் ஃபீஸும் கட்டிவிட்டுச் சாப்பிடுவது வேறு கதை. சவூதி இன்னும் மோசம். கூட இருக்கும் ஒவ்வொருவருக்கும் மாசம் 100 ரியால் என்று 2017 ஜூலையில் ஆரம்பித்த கட்டணம் 2020-இல் 400 ஆனது, மனைவியும் ரெண்டு பிள்ளையும் என்றால் 1,200 ரியால். ஆளாளுக்குக் குடும்பத்தை ஊருக்கு அனுப்பியதில் ஆச்சரியமே இல்லை.

ஆனால் மிச்சம் பிடித்த காசில் அத்தா கட்டிய வீட்டில், எந்த சுவிட்ச் எந்த லைட்டுக்கு என்று அவருக்குத் தெரியாது. லீவில் வந்தால் நாலையும் தட்டிப் பார்ப்பார், பழகும் நேரத்தில் லீவு முடிந்துவிடும். அப்போது கேசட்டில் பேசி அனுப்பிக்கொண்டிருந்தார். இப்போது வீடியோ கால் இருக்கிறதே என்பார்கள், சரி, சவூதிக்காரர் வேலை முடிந்து ராத்திரி எட்டு மணிக்குக் கூப்பிட்டால் ஊரில் பத்தரை, பிள்ளைகள் தூங்கியிருக்கும்.

கூட்டிப் போனால் மட்டும் எல்லாம் சரியாகிவிடாது. பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால் கைமாற்ற ஆளில்லாமல் மனைவி ஒருத்தியே ஃபிளாட்டுக்குள் அல்லாடுவாள். விசா முழுக்க என் வேலையில் தொங்குகிறது, வேலை போனால் ஸ்கூல் பாதியில் மூட்டை கட்டவேண்டியதுதான். மகள் ஊருக்கு வந்த மூணாம் நாளே "எப்போ அத்தா, வீட்டுக்குப் போவோம்?" என்கிறாள், அவளுக்கு வீடு என்றால் ஷார்ஜா. எனக்கு ரொம்ப உறுத்துவது வேறு: அத்தனை வருஷம் தனியாக இருந்துவிட்டு வந்த மனுஷன், இப்போது பேத்தியையும் ஃபோனில்தான் பார்க்கிறார்.

எட்டாவது வரை அங்கே, அப்புறம் தாயும் பிள்ளையும் ஊருக்கு என்று நடுவழி ஒன்றும் உண்டு. பத்தாவது பரீட்சையை நினைத்துப் பலர் அப்படிச் செய்கிறார்கள், ஆனால் தோளுக்கு வளர்ந்த பிள்ளையைத் திடீரென்று அத்தா இல்லாத வீட்டுக்கு மாற்றுவதில் எனக்கு உடன்பாடில்லை.

என்னைக் கேட்டால், சம்பளம் கொஞ்சமாவது இடம் கொடுத்தால் பிள்ளை சின்னதாக இருக்கும்போதே கூட்டிப் போங்கள். முதலில் வீட்டைக் கட்டி முடிக்கிறேன், அப்புறம் கூப்பிடுகிறேன் என்று சொல்லிக் கூப்பிட்டவர்களை நான் அதிகம் பார்த்ததில்லை. வீடு முடிந்தால் தங்கச்சி கல்யாணம் வரும், அதுவும் முடிந்தால் மாடி எடுக்கணும்.