எங்கள் முனைக்கடை: 2013 முதல் இன்று வரை

தர்மபுரியில் பென்னாகரம் ரோட்டை ஒட்டிய இந்தத் தெருவுக்கு 2013-இல் குடிவந்தோம். அன்று முதல் முனையில் இருக்கும் கடைதான் எங்களுக்கு மளிகைக்கடை.

முதலில் சரக்கு. கேழ்வரகு கல் இல்லாமல் சுத்தமாக இருக்கும், களி கிண்டினால் வாசம் வாசல் வரை வரும். ஒருமுறை துவரம்பருப்பில் வண்டு இருந்தது. கடைக்கார அண்ணா மறுபேச்சில்லாமல் மாற்றிக் கொடுத்தார். சோப்பு, ஷாம்பு சூப்பர் மார்க்கெட்டில் கொஞ்சம் மலிவுதான். மதியம் இரண்டு முதல் நாலு வரை ஷட்டர் இறங்கியிருக்கும், அவசரத்துக்கு உதவாது.

கடையின் உயிர் கணக்கு நோட்டில் இருக்கிறது. எண்ணெய்க் கை பட்டு ஓரம் பழுப்பேறிய நீள நோட்டு, வீட்டுக்கு ஒரு பக்கம். எங்கள் பக்கத்துக்கு மேலே ‘டீச்சர் வீடு’ என்று எழுதியிருக்கும். 2016 நவம்பரில் 500, 1000 ரூபாய் செல்லாது என்றானபோது எங்கள் தெருவில் பல வீட்டு அடுப்பு அந்தக் கடன் கணக்கு நோட்டை நம்பித்தான் எரிந்தது. இப்போது பணம் வந்ததைச் சத்தமாகச் சொல்லும் பெட்டியும் வந்துவிட்டது. நோட்டு அதன் பக்கத்திலேயே இருக்கிறது.

எங்கள் மாவட்டத்தில் போர்வெல் தண்ணீரில் ஃபுளோரைடு அதிகம். குடிக்க ஒகேனக்கல் தண்ணீர்தான். அது என்றைக்கு வருகிறது என்ற சேதி முதலில் கடைக்குத்தான் வரும். வெளியூர் போனால் சாவியும் அங்கேதான்.

ஆரம்பத்தில் எனக்கு ஒரு சங்கடம் இருந்தது. நாம் என்ன வாங்குகிறோம் என்பது கடைத் திண்ணையில் உட்கார்ந்திருக்கும் எல்லோருக்கும் தெரிந்துவிடும். அது இன்றும் மாறவில்லை. ஆனால் போன வருடம் ஒரு நாள், திண்ணையில் ஆள் இல்லாத நேரம் பார்த்துக் கடைக்கார அண்ணா மெதுவாகக் கேட்டார்: “டீச்சர், அம்மா வாரத்துக்கு ரெண்டு தரம் அச்சு வெல்லம் வாங்கிட்டுப் போறாங்க. வீட்ல தெரியுமா?”

தெரியாது. மாமியாருக்குச் சர்க்கரை. அந்த மாதம் ஏன் அளவு ஏறியது என்று புரியாமல் நான் மாத்திரையைச் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்தேன். அவரிடம் நான் எதுவும் கேட்கவில்லை, அண்ணாவும் காட்டிக்கொள்ளவில்லை. அப்புறம் ஒவ்வொரு தடவையும் “வெல்லம் இன்னும் வரலைம்மா” என்று சொல்லி, ஒரு கை பொட்டுக்கடலையைப் பேப்பரில் மடித்துக் கொடுக்கிறார். மாமியார் திண்ணையில் உட்கார்ந்து அதைத் தின்றபடி, எதிர்வீட்டு அக்காவிடம் அரை மணி நேரம் பேசிவிட்டுத்தான் வருவார்.