மாதத் தவணை குறைந்தால் கடன் மலிவா? வீட்டுக் கடனின் முழு விலை

வீட்டுக் கடன் கேட்டுப் போகிறவர்கள் முதலில் கேட்பது அநேகமாக "மாசம் எவ்வளவு கட்டணும்?" என்பதுதான். கேள்வியில் தப்பில்லை, சம்பளத்துக்குள் அடங்க வேண்டுமே. ஆனால் அந்த ஒரு எண்ணை மட்டும் வைத்து இரண்டு கடன்களை எடைபோட ஆரம்பித்தால், விலை கூடிய கடன்தான் பெரும்பாலும் மலிவாகத் தெரியும். "மொத்தம் இத்தனை லட்சம் வட்டி" என்று பயமுறுத்தும் கணக்கும் பாதி உண்மைதான். ஒரு கடனின் நிஜமான விலையைத் தெரிந்துகொள்ள இரண்டு விஷயம் வேண்டும்: எத்தனை காலம் அதை வைத்திருக்கப் போகிறீர்கள், தவணையில் மிச்சமாகும் பணம் எங்கே போகப் போகிறது. இதை மனதில் வைத்துக்கொண்டு சில ஜோடிகளை எதிரெதிரே நிறுத்திப் பார்க்கலாம்.

எல்லாவற்றுக்கும் ஒரே கடன்தான்: 50 லட்சம், ஆண்டுக்கு 8.5 சதவீத வட்டி, மாதாமாதம் குறையும் அசலுக்கு வட்டி. எந்த நாணயத்தில் வேண்டுமானாலும் வைத்துக்கொள்ளுங்கள், விகிதம் மாறாது.

15 ஆண்டா, 20 ஆண்டா, 30 ஆண்டா?

| காலம் | மாதத் தவணை | மொத்த வட்டி | 5 ஆண்டு கழித்து மீதி அசல் |
|---|---|---|---|
| 15 ஆண்டு | 49,237 | 38.6 லட்சம் | 39.7 லட்சம் |
| 20 ஆண்டு | 43,391 | 54.1 லட்சம் | 44.1 லட்சம் |
| 30 ஆண்டு | 38,446 | 88.4 லட்சம் | 47.7 லட்சம் |

20 ஆண்டை 30 ஆக்கினால் தவணை மாதம் 4,945 குறைகிறது. அதற்கு விலை, கூடுதலாக 34 லட்சம் வட்டி. கடைசி நெடுவரிசையையும் பாருங்கள். 30 ஆண்டுக் கடன் வாங்கியவர் ஐந்து ஆண்டில் 23 லட்சத்துக்கு மேல் கட்டியிருப்பார், அசலில் கழிந்திருப்பது இரண்டேகால் லட்சம்தான். அந்தச் சமயத்தில் வீட்டை விற்க நேர்ந்தால் வயிறு எரியும்.

ஏன் இப்படி? முதல் மாதத்து வட்டி மூன்று பேருக்குமே 35,417தான். தவணையில் அது போக மிஞ்சுவதுதான் அசலில் கழிகிறது: 15 ஆண்டுக்காரருக்கு 13,820, 20 ஆண்டுக்காரருக்கு 7,974, 30 ஆண்டுக்காரருக்கு வெறும் 3,029. முதலாமவர் மூன்றாமவரைவிட மாதம் 10,791 கூடுதலாகக் கட்டுகிறார், முதல் மாதம் அந்த 10,791-ம் அப்படியே அசலுக்குப் போகிறது.

இன்னொரு விஷயம் பலருக்குத் தெரிவதில்லை. 8.5 சதவீத வட்டியில், காலம் எத்தனை ஆண்டாக இருந்தாலும், தவணையில் அசலின் பங்கு வட்டியைத் தாண்டுவது கடைசி 98 மாதங்களில் மட்டும்தான். 15 ஆண்டுக் கடனில் ஏழாம் ஆண்டுக் கடைசியிலேயே அந்தத் திருப்பம் வந்துவிடும். 20 ஆண்டுக் கடனில் பன்னிரண்டாம் ஆண்டின் கடைசியில் வரும். 30 ஆண்டுக் கடனில் கிட்டத்தட்ட 22 ஆண்டு காத்திருக்க வேண்டும்.

சரி, இப்போது மறுபக்கம். 25 ஆண்டு கழித்துக் கட்டும் 38,446-க்கு இன்றைய 38,446-ன் மதிப்பு இருக்காது. பணவீக்கம் ஆண்டுக்கு 5 சதவீதம் என்று வைத்து, எல்லாத் தவணைகளையும் இன்றைய மதிப்புக்குக் கொண்டுவந்தால் படம் மாறுகிறது. 15 ஆண்டுக் கடனுக்கு மொத்தம் 62.3 லட்சம், 20-க்கு 65.7 லட்சம், 30-க்கு 71.6 லட்சம். 34 லட்சம் என்று மிரட்டிய வித்தியாசம் ஆறு லட்சத்துக்கும் கீழே வந்துவிட்டது. அதுவும் சின்னத் தொகை இல்லைதான், ஆனால் தூக்கத்தைக் கெடுக்கிற அளவுக்கு இல்லை. உங்கள் சம்பளமும் பணவீக்கத்தோடு சேர்ந்து ஏறும் என்ற நம்பிக்கை இருந்தால்தான் இந்த ஆறுதல் செல்லும் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

மூன்றாவது வழி ஒன்று உண்டு. 30 ஆண்டுக்குக் கடன் வாங்கிவிட்டு 20 ஆண்டுத் தவணையான 43,391-ஐயே கட்டிவருவது. வட்டி விகிதம் ஒன்றாக இருந்து, கூடுதலாகக் கட்டுவது உடனுக்குடன் அசலில் கழிக்கப்பட்டால் கடன் 20 ஆண்டிலேயே தீரும். வேலை போனால் 38,446-க்கு இறங்கிக்கொள்ளலாம். காகிதத்தில் இதுதான் சிறந்த வழி. நடைமுறையில் இரண்டு முட்டுக்கட்டை. நீண்ட காலக் கடனுக்குக் கடன் கொடுப்பவர்கள் வட்டியைக் கூட்டுவது உண்டு, அமெரிக்காவில் 30 ஆண்டு நிலை வட்டி (இடையில் மாறாத வட்டி) பொதுவாக 15 ஆண்டு வட்டியைவிட அதிகம். அப்புறம், கட்டாயம் இல்லாத 4,945-ஐ மாதாமாதம் யார் கட்டுகிறார்கள்? கணக்கிலிருந்து தானாகப் பிடிக்கும்படி ஏற்பாடு செய்துவிட்டால் மட்டுமே இது நடக்கும். வருமானம் ஏற்ற இறக்கமாக இருப்பவர்களுக்கு இந்த வழியைச் சொல்வேன். நிலையான மாதச் சம்பளக்காரர்களுக்கு நேரடியாக 20 ஆண்டே போதும்.

நிலை வட்டியா, மாறும் வட்டியா?

இந்தத் தேர்வு நாட்டுக்கு நாடு வேறு. அமெரிக்காவில் 30 ஆண்டுக்கும் ஒரே வட்டி என்பது சாதாரணம். பிரிட்டனில் இரண்டு அல்லது ஐந்து ஆண்டு நிலை வட்டி, அதன் பிறகு மாறும் வட்டி. இந்தியாவில் பெரும்பாலும் மாறும் வட்டிதான். நிலை வட்டி என்பது ஒரு காப்பீடு மாதிரி, அதற்கான பிரீமியம் கொஞ்சம் கூடுதலான வட்டியாக முதல் நாளிலிருந்தே உங்களிடம் வாங்கப்படுகிறது.

மாறும் வட்டியின் ஆபத்து, வட்டி ஏறுவதில் பாதி, ஏறினால் என்ன செய்கிறார்கள் என்பதில் பாதி. நம் 20 ஆண்டுக் கடனில் ஆரம்பத்திலேயே வட்டி 8.5-லிருந்து 9.5-க்குப் போகிறது என்று வைப்போம். இரண்டு வழி இருக்கிறது:

தவணையை உயர்த்தினால் மாதம் 46,607 ஆகும், அதாவது 3,216 அதிகம். காலம் 20 ஆண்டாகவே இருக்கும். கூடுதல் வட்டி மொத்தம் சுமார் 7.7 லட்சம்.

தவணையை 43,391-லேயே வைத்து, காலத்தை நீட்டினால் 240 மாதம் 309 ஆகிவிடும். கிட்டத்தட்ட ஐந்தே முக்கால் ஆண்டு கூடுதல். கூடுதல் வட்டி சுமார் 29.7 லட்சம்.

நீங்கள் எதுவும் சொல்லாவிட்டால் பல கடன்களில் தானாக நடப்பது இரண்டாவதுதான். மாதம் பிடிக்கிற தொகை மாறாததால் யாரும் கவனிப்பதில்லை. ஐந்து ஆண்டு கழித்துக் கணக்கு விவர அறிக்கையைப் பார்த்தால், மீதிக் காலம் கடன் வாங்கிய அன்று இருந்ததைவிட அதிகமாக இருக்கும். வட்டி ஏறியதாகக் குறுஞ்செய்தி வந்த அன்றே தவணையை உயர்த்தச் சொல்லி எழுதிக்கொடுப்பது நல்லது.

வட்டி 10.5-க்குப் போனால் கதையே வேறு. அப்போது முதல் மாத வட்டி மட்டும் 43,750. தவணை 43,391. கட்டக் கட்டக் கடன் ஏறும்! கற்பனை இல்லை இது. 2022, 2023-ல் வட்டி வேகமாக ஏறியபோது கனடாவில், மாறும் வட்டியோடு மாறாத தவணை வைத்திருந்த பலருக்கு அசல் கூடிக்கொண்டே போனது. ஆகவே மாறும் வட்டியில் கடன் வாங்குவதானால், இன்றைய வட்டியைவிட இரண்டு சதவீதம் கூட்டித் தவணையைக் கணக்குப் போடுங்கள். அதைக் கட்ட முடியும் என்றால் தைரியமாக வாங்கலாம். முடியாதென்றால் நிலை வட்டியின் கூடுதல் விலை உங்களுக்கு நியாயமானதே.

குறைந்த வட்டி, கூடிய கட்டணம்

ஒருவர் 8.5 சதவீதத்துக்குக் கட்டணமே இல்லாமல் தருகிறார். இன்னொருவர் 8.25 சதவீதம் என்கிறார், ஆனால் 75,000 கட்டணம். இரண்டும் 20 ஆண்டு. இரண்டாவது கடனில் தவணை 42,603, மாதம் 788 மிச்சம். 75,000-ஐ 788-ஆல் வகுத்தால் 95 மாதம். அசல் சற்று வேகமாகக் குறைவதையும் சேர்த்தால் ஆறு ஆண்டும் சில நாட்களும் ஆனதும் போட்ட காசு திரும்பிவிடும். அதற்கு முன்பே வீட்டை விற்பவருக்கும் கடனை மாற்றுபவருக்கும் முதல் கடன்தான் லாபம், பத்து ஆண்டு இருப்பவருக்கு இரண்டாவது. கட்டணங்களையும் சேர்த்துக் காட்டும் ஆண்டுச் சதவீத விகிதத்தை இப்போது பல நாடுகளில் கட்டாயம் சொல்ல வேண்டும். உதவியான எண்தான், ஆனால் கடைசித் தவணை வரை நீங்கள் கடனை வைத்திருப்பீர்கள் என்ற அனுமானத்தில் போட்டது அது.

வட்டி குறைந்ததென்று கடனை மாற்றுவது

எட்டு ஆண்டு கட்டியாகிவிட்டது. மீதி அசல் 39.1 லட்சம், இன்னும் 12 ஆண்டு. அப்படியே தொடர்ந்தால் இனிமேல் கட்ட வேண்டிய வட்டி 23.4 லட்சம். வேறொருவர் 8 சதவீதத்துக்குத் தருகிறார்.

12 ஆண்டுக்கே மாற்றினால் தவணை 42,312, இனிமேல் வட்டி 21.8 லட்சம். ஒன்றரை லட்சம் மிச்சம், அதில் மாற்றும் செலவு போக வேண்டும்.

புதிதாக 20 ஆண்டு போட்டுக்கொண்டால் தவணை 32,696-க்கு இறங்குகிறது. மாதம் பத்தாயிரத்துக்கு மேல் கையில் நிற்கிறது. ஆனால் வட்டி 39.4 லட்சம். வட்டி விகிதம் குறைந்திருக்கிறது, மொத்த வட்டி 16 லட்சம் கூடியிருக்கிறது. இரண்டாவதைத் தேர்ந்தெடுப்பவர் அந்தப் பத்தாயிரத்தை என்ன செய்தார் என்பதில்தான் பதில் இருக்கிறது. செலவோடு செலவாகக் கரைந்திருந்தால் வட்டிக் குறைப்பினால் ஒரு பயனும் இல்லை. விளம்பரங்களில் பெரிய எழுத்தில் வருவது எப்போதும் இந்த இரண்டாவது தவணைதான் என்பதைக் கவனியுங்கள்.

கையில் ஐந்து லட்சம் வந்தால்

நம் 20 ஆண்டுக் கடனில் மூன்றாம் ஆண்டு முடிவில் ஐந்து லட்சத்தை அசலில் கட்டுகிறீர்கள். தவணையை மாற்றாமல் காலத்தைக் குறைத்தால் 42 மாதம் முன்னதாகவே கடன் முடியும், சுமார் 13.2 லட்சம் வட்டி மிச்சம். காலத்தை மாற்றாமல் தவணையைக் குறைத்தால் மாதம் 4,641 குறையும், மிச்சமாகும் வட்டி 4.5 லட்சம் மட்டும்.

13.2 எங்கே, 4.5 எங்கே என்று பார்த்து முதலாவதுதான் மும்மடங்கு லாபம் என்று எழுதிவிடுகிறார்கள். முழுக்கச் சரியில்லை. இரண்டிலும் அந்த ஐந்து லட்சம் சம்பாதித்துத் தருவது அதே 8.5 சதவீதம்தான். முதலாவதில் மாதம் 4,641-ஐத் தொடர்ந்து கட்டிக்கொண்டிருக்கிறீர்கள், இரண்டாவதில் அது உங்கள் கைக்கு வருகிறது. கைக்கு வந்ததை 8.5-க்கு மேல் வளர்க்க முடிந்தால் இரண்டாவது வெல்லும். முடியாதென்றால், அல்லது செலவாகிவிடும் என்றால், காலத்தைக் குறைப்பதே மேல். என் கட்சி காலத்தைக் குறைப்பதுதான்.

ஐந்து லட்சத்தைக் கடனில் போடாமல் முதலீட்டில் போடலாமா என்பதும் இதே கேள்விதான். கடனில் கட்டினால் வரியில்லாமல், ஆபத்தில்லாமல் 8.5 சதவீதம் கிடைத்த மாதிரி. நிரந்தர வைப்பு வட்டி வரிக்குப் பிறகு அந்த அளவை எட்டுவது அரிது. பங்குகள் தாண்டலாம், தாண்டாமலும் போகலாம். வட்டிக்கு வரிச்சலுகை உள்ள இடங்களில் கடனின் நிகர வட்டி குறையும், ஆனால் சலுகைக்குப் பெரும்பாலும் உச்சவரம்பு இருக்கும், அதற்கு மேல் கட்டுகிற வட்டிக்குச் சலுகை ஏதும் இல்லை.

எதைச் செய்தாலும் ஆறு மாதச் செலவுக்கான பணத்தைத் தொடாதீர்கள். அசலில் போட்ட பணத்தை அடுத்த மாதம் வேலை போனதும் திரும்பக் கேட்க முடியாது, வேலை இல்லாதவருக்குப் புதுக் கடனும் கிடைக்காது. முன்கூட்டிக் கட்ட அபராதம் உண்டா என்பதையும் கடன் வாங்கும்போதே பாருங்கள். இந்தியாவில் தனிநபர்களின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கூட்டி அடைக்கும் கட்டணம் கூடாது என்று 2012-லேயே ரிசர்வ் வங்கி வங்கிகளுக்குச் சொல்லிவிட்டது. நிலை வட்டிக் கடன்களில் அபராதம் பல நாடுகளில் இன்னும் இருக்கிறது.

கடனோடு ஒட்டி வரும் காப்பீடு

கையெழுத்துப் போடும் நேரத்தில் "ஒரே தடவை பிரீமியம் ஒன்றரை லட்சம், கடனிலேயே சேர்த்துவிடலாம், மாதம் 1,300-தான் கூடும்" என்பார்கள். 20 ஆண்டில் அந்த ஒன்றரை லட்சம் 3.12 லட்சமாகத் திரும்பப் போகும். காப்பீடு வேண்டாம் என்று சொல்லவில்லை. குடும்பத்தில் ஒருவர் சம்பளத்தை நம்பி வீடு இருந்தால் அது அவசியம். ஆனால் தனியாக எடுக்கும் ஆயுள் காப்பீட்டுக்கு ஆண்டுக்கு ஆண்டு பிரீமியம் கட்டலாம், கடனை வேறு இடத்துக்கு மாற்றினாலும் அது உங்களோடு வரும். கடனோடு ஒட்டிய காப்பீட்டில் இந்த இரண்டும் பெரும்பாலும் இருக்காது. இரண்டின் விலையையும் வாங்கிப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும்வரை அந்தப் படிவத்தில் கையெழுத்துப் போட வேண்டாம்.