பேச்சு ஃபின்னிஷ் மாலை கிளாஸ், தம்பரே: போலாமா?
ஃபின்லாந்துல இருக்குற தம்பரே ஊருக்கு படிக்க வந்திருக்கவங்களுக்கு இந்த ரிவ்யூ. யூனிவர்சிட்டி கோர்ஸ்ல சொல்லித்தர்றது எழுத்து நடை, 'நான் இருக்கேன்'ங்கறது புக்ல "மினா ஓலென்"னு இருக்கும், பஸ் ஸ்டாப்ல எல்லாரும் "மா ஓன்"னு முடிச்சிடுவாங்க, அதனாலதான் பேச்சுவழக்குக்குன்னே இருக்குற ஒரு மாலை கிளாஸ்ல சேர்ந்தேன்.

செம கிளாஸ்ங்க. டீச்சர் கேஷியர் மாதிரி மேசைக்கு பின்னாடி உக்காந்துகிட்டு விலைய கடகடன்னு சொல்வாங்க, 25க்கு "கக்ஸிகும்மென்தாவீசி"ன்னு முழுசா இழுக்காம "கக்ஸ்குட்வீஸ்", நாம கரெக்டா எண்ணி வைக்கணும் (கார்டு நீட்டினா ஒத்துக்க மாட்டாங்க!). ஆளுங்களைக்கூட 'அது'ன்னு சொல்றதெல்லாம் பேச்சு ஃபின்னிஷ்ல ரொம்ப சகஜம், யாரும் கோச்சுக்க மாட்டாங்க.

குறைன்னா கூட்டம்தான். ஒரு ஆளுக்கு பேச கிடைக்கிறதே கொஞ்ச நேரம், அதுலயும் பாதி பேர் டக்குனு இங்கிலீஷுக்கு தாவிடுறாங்க, டீச்சரும் கண்டுக்கறதில்ல. இலக்கணம் சுத்தமா கிடையாது, 15 வேற்றுமையும் படிக்கணும்னா வேற கிளாஸ் பாருங்க. வீட்ல யூலேயோட (ஃபின்லாந்தோட பொது ஒளிபரப்பு நிறுவனம்) எளிய ஃபின்னிஷ் செய்தி கேக்கலாம், மெதுவா தெளிவா படிப்பாங்க, ஆனா அதுவும் எழுத்து நடைதான், கடைத்தெருவுக்கு உதவாது. பீஸ் கம்மிங்கறதால இடம் சீக்கிரம் ஃபுல் ஆயிடும், ரெஜிஸ்ட்ரேஷன் ஓப்பன் ஆன அன்னிக்கே போட்டுடுங்க.