தி ஹேக் அமைதி மாளிகை: பஸ்ஸில் போனதும் டிராமில் போனதும்

முதலில் பஸ் கதையைச் சொல்லிவிடுகிறேன். மகள் டெல்ஃப்டில் இருக்கிறாள். பேரன் பிறந்ததையொட்டி நானும் வீட்டுக்காரம்மாவும் மூன்று மாதம் போய் இருந்தோம். இரண்டு பேரும் ஜன்னலையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்களே என்று மருமகன் ஒருநாள் சுற்றுலாவுக்கு டிக்கெட் போட்டுக் கொடுத்தார். நம்மவர்கள் நடத்தும் கம்பெனிதான். பெயர் வேண்டாம், மருமகன் வருத்தப்படுவார். தி ஹேக்கில் அமைதி மாளிகை வாசலில் வண்டியை நிறுத்திய வழிகாட்டி, "பத்து நிமிஷம், போட்டோ எடுத்துட்டு வந்துருங்க" என்றார். அதோடு விடாமல், "நோபல் அமைதிப் பரிசு குடுக்கிறது இங்கதான்" என்று ஒரு போடும் போட்டார். பஸ்ஸே தலையாட்டியது. அந்தப் பரிசைக் கொடுப்பது ஆஸ்லோவில். இங்கே இருப்பது கோர்ட்.

அந்தப் பயணத்துக்கு ஐந்துக்கு ஒன்று. அந்த ஒன்றும் டிரைவருக்கு.

அடுத்த வாரம் நாங்களே கிளம்பினோம். பேரனைத் தள்ளுவண்டியில் போட்டுக்கொண்டு மகளும் வந்தாள். டெல்ஃப்டிலிருந்து 1ஆம் எண் டிராம் ஏறினால் மாளிகை வாசலிலேயே இறக்கிவிடுகிறது. நிறுத்தத்தின் பெயரே மாளிகையின் பெயர்தான். வழி கேட்க வேண்டிய அவசியமே இல்லை.

என்னைப் பற்றி ஒரு வரி. முப்பத்தொரு வருஷம் பொதுப்பணித்துறையில் இருந்தவன். பெரும்பாலும் சிவகங்கை, ராமநாதபுரம் பக்கத்துக் கண்மாய்களில் கரை, மடை, உபரித் தண்ணீர் வழியும் கலுங்கு என்றே காலம் போயிற்று. கோர்ட் என்றால் எனக்குக் காண்டிராக்டர் போடும் கேஸ்தான். அதனால் கட்டடத்தைக் கட்டடமாகத்தான் முதலில் பார்த்தேன். 1907இல் அடிக்கல் நாட்டி, 1913 ஆகஸ்ட் 28இல் திறந்திருக்கிறார்கள். அமெரிக்க இரும்பு முதலாளி கார்னகி 15 லட்சம் டாலர் கொடுத்தார். பிரெஞ்சுக் கட்டடக்கலைஞர் கோர்டொன்யே முதலில் போட்ட வரைபடத்தில் நான்கு கோபுரங்கள். எஸ்டிமேட் கையைக் கடிக்கவே முன்னால் ஒரு பெரியது, பின்னால் ஒரு சின்னது என்று குறைத்துவிட்டார்கள். வாசலில் நின்று பார்த்தால் ஒரு பக்கம் மட்டும் எழும்பி நிற்கும். எனக்கு ஏனோ அதைப் பார்த்ததும் நிம்மதி. சர்வதேச அளவிலும் திருத்திய மதிப்பீடு உண்டு!

நாடுகள் ஆளுக்கொரு பொருள் கொடுத்திருக்கின்றன. கோபுரக் கடிகாரம் சுவிட்சர்லாந்து. ரஷ்யா ஒரு பிரம்மாண்டமான ஜாடி. வாசலில் இருக்கும் பெரிய இரும்புக் கேட் ஜெர்மனி கொடுத்தது. திறந்து ஒரு வருஷம்கூட ஆகவில்லை, 1914 ஆகஸ்டில் அதே ஜெர்மனியின் படை பக்கத்து நாடான பெல்ஜியத்துக்குள் புகுந்தது. கேட்டைத் தொட்டுப் பார்த்தேன். வேலை சுத்தம், கம்பி உருட்டியதில் குறை சொல்ல முடியாது.

கேட்டுக்கு வெளியே அணையா தீபம் ஒன்று இருக்கிறது. அதைச் சுற்றி உலக நாடுகள் கொடுத்த கற்களைப் பதித்திருக்கிறார்கள். நான் குனிந்து ஒவ்வொன்றாகப் பார்க்க ஆரம்பித்ததும் வீட்டுக்காரம்மா, "ஏங்க, இம்புட்டுத் தூரம் வந்தும் கல்லுதானா?" என்றாள்.

பார்வையாளர் மையத்துக்குள் போகக் கட்டணம் இல்லை. காதில் மாட்டிக்கொள்ளும் ஒலிக்கருவி கொடுக்கிறார்கள், அது சொல்வதைக் கேட்டுக்கொண்டே நடக்கலாம். தமிழ் இல்லை, எதிர்பார்க்கவும் இல்லை. ஒன்று தெரிந்துகொண்டு போங்கள்: மையம் வேறு, மாளிகையின் உள்பக்கம் வேறு. உள்ளே போக வழிகாட்டியோடு போகும் சுற்றுக்கு முன்பதிவு வேண்டும். அது தினமும் கிடையாது, வழக்கு விசாரணை நடக்கும்போது இல்லவே இல்லை. நாங்கள் பதிவு செய்யாமல் போய் நின்றோம், தப்பு எங்கள்மேல்தான். இன்னொரு குழப்பத்தையும் தீர்த்துவிடுகிறேன். போர்க் குற்றவாளிகளை நிறுத்தும் குற்றவியல் நீதிமன்றம் இதே ஊரில் வேறு கட்டடத்தில் இருக்கிறது. இங்கே இருப்பவற்றில் முக்கியமானவை இரண்டு. 1899இல் இதே ஊரில் நடந்த அமைதி மாநாட்டில் பிறந்த நிரந்தர நடுவர் மன்றம் ஒன்று. நாட்டுக்கும் நாட்டுக்கும் நடக்கும் வழக்குகளைக் கேட்கும் ஐ.நா.வின் சர்வதேச நீதிமன்றம் மற்றொன்று, 1946 முதல்.

போர், அமைதி என்றே காதில் கேட்டுக்கொண்டு வந்ததில் எனக்கு ஒரு சந்தேகம். "இங்க தண்ணிக் கேஸ் ஏதாச்சும் வந்திருக்காம்மா?" என்று மகளிடம் கேட்டேன். அவள் போனில் நீதிமன்றத்தின் இணையதளத்தைத் திறந்து கையில் கொடுத்தாள். அன்று மட்டுமல்ல, மீதி இரண்டு மாதமும் நான் பார்த்தது அதைத்தான். இந்த விமர்சனத்தில் பாதி அந்த இணையதளத்துக்கு. பணம் கிடையாது, பெயர்ப்பதிவு கிடையாது. முதல் வழக்கிலிருந்து எல்லாத் தீர்ப்புகளும் ஆங்கிலத்திலும் பிரெஞ்சிலும் கிடைக்கின்றன. நம்மூரில் ஒரு நில அளவைப் படம் வாங்க நடந்த நடையை நினைத்துக்கொண்டேன்.

எனக்கு மாட்டியது டான்யூப் ஆற்று வழக்கு. 1977இல் ஹங்கேரியும் செக்கோஸ்லோவாக்கியாவும் சேர்ந்து ஆற்றில் தடுப்பணைகளும் மின் நிலையங்களும் கட்ட ஒப்பந்தம் போட்டன. 1989இல் சுற்றுச்சூழல் கெடும் என்று ஹங்கேரி வேலையை நிறுத்தியது. செக்கோஸ்லோவாக்கியாக்காரர்கள் பொறுத்துப் பார்த்துவிட்டு, 1992 அக்டோபரில் தங்கள் எல்லைக்குள்ளேயே ஆற்றை மறித்து, 80 முதல் 90 சதவீதத் தண்ணீரைக் கால்வாயில் திருப்பிக்கொண்டார்கள். மேலக்கண்மாய்க்காரன் கலுங்கை அடைத்த கதையேதான், அளவு மட்டும் பெரிது. நாடு பிரிந்த பிறகு ஸ்லோவாக்கியாவும் ஹங்கேரியும் சேர்ந்தே கோர்ட்டுக்கு வந்தன. 1997 ஏப்ரலில் நீதிபதிகள் நேரில் போய் இடத்தைப் பார்த்தார்கள். அந்த நீதிமன்ற வரலாற்றில் அதுதான் முதல் தலப் பார்வை. சைட்டைப் பார்க்காமல் ஃபைலைப் பார்த்து எழுதிய ஆய்வறிக்கைகளோடு மல்லுக்கட்டியவன் என்ற முறையில் இதற்கே ஒரு நட்சத்திரம் கூடுதலாகக் கொடுப்பேன்.

1997 செப்டம்பர் 25இல் தீர்ப்பு. நிறுத்தியதும் தப்பு, திருப்பியதும் தப்பு, ஒப்பந்தம் உயிரோடு இருக்கிறது, உட்கார்ந்து பேசுங்கள் என்றார்கள். பேச்சு அதன்பிறகும் வருஷக்கணக்கில் இழுத்தது, அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் வளர்ச்சி வேலையையும் சுற்றுச்சூழலையும் ஒன்றோடொன்று இணக்கமாகப் பார்க்க வேண்டும், அதற்குப் பெயர்தான் நீடித்த வளர்ச்சி என்று அந்த நீதிமன்றம் எழுதியது இந்தத் தீர்ப்பில்தான்.

அதோடு மூடியிருப்பேன். கீழே நீதிமன்றத் துணைத்தலைவர் வீரமந்திரி தீர்ப்போடு சேர்த்துத் தனியாக எழுதிய கருத்து என்று இருந்தது. இலங்கைக்காரர். முப்பது பக்கத்துக்கு மேல் வரும். திறந்தால் ஐரோப்பிய ஆற்று வழக்கில் குளங்கள்! வானத்திலிருந்து விழும் ஒரு துளியும் மனிதருக்குப் பயன்படாமல் கடலுக்குப் போகக் கூடாது என்ற இலங்கை மன்னன் பராக்கிரமபாகுவின் வாக்கு. நிலத்துக்கு அரசன் சொந்தக்காரன் அல்ல, காவல்காரன் மட்டுமே என்று, இலங்கைக்குப் பௌத்தத்தைக் கொண்டுவந்த மகிந்த தேரர் செய்த உபதேசம். பெரிய குளத்தில் தூர் சேராமல் வண்டலை முன்னாலேயே பிடித்து நிறுத்தக் கட்டிய சிறு குளங்கள். காட்டு விலங்குகள் குடிப்பதற்கென்றே ஊருக்கு மேலே காட்டுக்குள் கட்டிய குளங்கள். தான்சானியாவின் சக்கா மக்கள் மலைச் சரிவில் வெட்டிய வாய்க்கால்களையும் விடவில்லை. நீடித்த வளர்ச்சி நேற்று மாநாட்டில் கண்டுபிடித்த சொல் அல்ல, பழைய சமூகங்கள் நடத்திக் காட்டியது, ஆகவே அது சட்டத்தின் பகுதியாகிறது என்பது அவர் வாதம். நான் அளந்த கரைகளின் சட்டம் எங்கே இருக்கிறது என்று கேட்டால், இந்தப் பக்கங்களைக் காட்டுவேன்.

நடுவர் மன்றத்தின் பக்கத்திலும் ஒன்று படித்தேன், கிஷன்கங்கா. காஷ்மீரில் ஓடும் அந்த ஆற்றில் இந்தியா போட்ட நீர்மின் திட்டத்தை எதிர்த்து, 1960 சிந்து நதி ஒப்பந்தத்தின் கீழ் பாகிஸ்தான் கொண்டுவந்த வழக்கு. இந்தியா தண்ணீரைத் திருப்பலாம், ஆனால் அணைக்குக் கீழே வினாடிக்கு 9 கன மீட்டர் விட்டாக வேண்டும் என்று 2013இல் சொன்னார்கள். நம் கணக்கில் சுமார் 318 கனஅடி. கறுப்புக் கோட்டுக்காரர்கள் ஆற்றுக்கு ஓர் எண் எழுதிக் கொடுத்தது எனக்குப் பிடித்திருந்தது. அந்த ஒப்பந்தத்தையே 2025 ஏப்ரலில் இந்தியா நிறுத்திவைத்தது தனிக் கதை.

இதெல்லாம் வெள்ளைக்காரன் ஊர் விவகாரம் என்று நினைப்பவர்களுக்கு: 2018 காவிரித் தீர்ப்பில் கர்நாடகம் நமக்கு விட வேண்டியது 177.25 டி.எம்.சி. என்று உச்ச நீதிமன்றம் நிர்ணயித்தபோது, ஆறு மேலே இருப்பவன் சொத்தல்ல, நியாயமான பங்கு என்ற நியதிக்கு 1966 ஹெல்சிங்கி விதிகளையும் எடுத்துப் பார்த்தது. அந்த விதிகளை எழுதியது எந்த அரசும் இல்லை, சட்ட அறிஞர்களின் சங்கம். காவிரி நடுவர் மன்றம் முன்பு சொன்ன 192 எங்கே, 177.25 எங்கே என்று டீக்கடையில் கத்தியவர்களில் நானும் ஒருவன். நியதி எங்கிருந்து வந்தது என்று அன்று கேட்கத் தோன்றவில்லை.

மதிப்பெண்: டிராம், மையம், இணையதளம் சேர்த்து ஐந்துக்கு ஐந்து. கடவுச்சீட்டைக் கையில் வைத்துக்கொள்ளுங்கள், உள்சுற்றுக்கு முன்பதிவு செய்துவிட்டுப் போங்கள், காதை மூடக் குல்லா அவசியம்.

ஊர் திரும்பியதும் அந்தக் குளம் வரும் பக்கங்களை மட்டும் ஜெராக்ஸ் எடுத்துக்கொண்டு, என் பழைய செக்‌ஷன் கண்மாயில் மடை திறந்து தண்ணீர் பாய்ச்சும் நீர்ப்பாய்ச்சியைப் பார்க்கப் போனேன். எண்பதைத் தொட்டுவிட்டார். மடைக்கட்டையில் உட்கார்ந்து, மிருகங்கள்மேல் எவ்வளவு கருணை பாருங்கள் என்று காட்டுக் குளத்துக் கதையைத் தமிழில் சொன்னேன். முழுக்கக் கேட்டுவிட்டு வெற்றிலையைத் துப்பினார்.

"கருணையும் இருக்கட்டும் சார். காட்டுக்குள்ளயே தண்ணி கெடந்தா பன்னி எதுக்கு வயக்காட்டுக்கு எறங்குது?"