வீட்டுக்கே வந்து பாக்குற லாக்டேஷன் கன்சல்டன்ட்: 180 வெள்ளி குடுத்தது வீண் போகல

பிரசவ தேதி நெருங்குறவங்க, இல்ல இப்பதான் பாப்பாவ தூக்கிட்டு வீட்டுக்கு வந்து ராத்திரியெல்லாம் முழிச்சிட்டு ஃபோன்ல தேடிட்டு இருக்கிறவங்க, உங்களுக்காகத்தான் இத எழுதுறேன். லாக்டேஷன் கன்சல்டன்ட்னா தாய்ப்பால் குடுக்க சொல்லித் தர்றவங்க. நான் கூப்பிட்டவங்க இங்க சிங்கப்பூர்ல தனியா வேலை செய்ற ஒரு மலாய்க்கார அக்கா, பேரையும் நம்பரையும் பொதுவுல போடாதீங்கன்னு கேட்டுக்கிட்டாங்க, அதனால போடல. ஆனா அவங்க வேலை செஞ்ச விதத்த விவரமா சொல்லிடுறேன், நீங்க யாரக் கூப்பிட்டாலும் அவங்க இந்த அளவுக்கு செய்றாங்களான்னு ஒப்பிட்டு பாத்துக்கலாம்.

என் நெலம இதுதான். பாப்பாவுக்கு மஞ்சக்காமாலை, பாலிகிளினிக்ல ரத்தம் எடுத்து பாக்க வரச் சொல்லிட்டே இருந்தாங்க, எடையும் எறங்கிடுச்சு. முதல் சில நாள்ல எடை கொஞ்சம் எறங்குறது எல்லா பாப்பாவுக்கும் உள்ளதுதான், 10லேருந்து 14 நாளைக்குள்ள பொறந்தப்ப இருந்த எடைக்கு திரும்பிடணும், ஆனா எங்க பாப்பா ஒரு மணி நேரம் வாயில வச்சிருந்துட்டு எடுத்த உடனே வீல்னு கத்தும், எனக்கு காம்பு ரெண்டும் வெடிச்சு ரத்தம் கசியுது, அடுத்த வேளைய நெனச்சாலே கண்ணு கலங்கிடும். ஆஸ்பத்திரி வார்டுல ஒரு மிஸ்ஸி (நர்ஸ்) வந்து பாப்பா தலைய புடிச்சு மார்ல அழுத்திட்டு ஆங் குடிக்குது குடிக்குதுன்னு சொல்லிட்டு அடுத்த பெட்டுக்கு போயிட்டாங்க. அவங்களுக்கு எத்தனை பெட்டோ தெரியாது. ஆனா உக்காந்து ஒரு வேளை முழுசா பாக்குறதுக்கு அங்க யாருக்கும் நேரம் இல்ல, எனக்கு வேண்டியிருந்தது அது ஒண்ணுதான்.

அந்த அக்கா வந்ததும் கைய கழுவிட்டு, பையிலேருந்து ஒரு டிஜிட்டல் தராசு எடுத்து பாப்பாவ டயப்பரோட, போட்டிருந்த சட்டையோட அப்படியே வச்சு எடை பாத்தாங்க. அப்புறம், "நீ தெனமும் எப்படி குடுப்பியோ அப்படியே குடு, நான் பாக்குறேன்"னு சொல்லிட்டு நாற்காலிய கிட்ட இழுத்து போட்டு உக்காந்தவங்கதான், பாப்பா முடிக்கிற வரைக்கும் வாயே தொறக்கல. முடிச்சதும் அதே டயப்பர் அதே சட்டையோட திரும்ப எடை. கூடியிருக்கிற கிராம்தான் பாப்பா குடிச்ச பாலு, கிராமும் மில்லியும் இதுல கிட்டத்தட்ட ஒண்ணுதானாம். அரை மணி நேரத்துக்கு மேல குடிச்சும் 14 கிராம்தான் ஏறியிருந்துச்சு. அப்புறம் என் காம்ப காட்டி, "பாத்தியா, புது லிப்ஸ்டிக் முனை மாதிரி ஒரு பக்கமா சரிஞ்சிருக்கு, பாப்பா நுனிய மட்டும் புடிச்சு நசுக்குது, அதான் உனக்கு வலி, அதுக்கு பசி"ன்னாங்க. பால் இல்லன்னு இல்ல, பாப்பா சரியா புடிக்கலன்னு இருக்கு. அத்தன நாளும் எனக்குத்தான் பால் சுரக்கலன்னு எல்லாரும் சொல்ல நானும் நம்பிட்டு இருந்தேன்.

அடுத்த பக்கம் குடுக்கும்போது மாத்திக் காட்டினாங்க. என்னை கொஞ்சம் சாஞ்சு உக்காரச் சொல்லி, பாப்பா வயிறு என் வயித்தோட ஒட்டுற மாதிரி போட்டு, காம்பு பாப்பா வாய்க்கு நேரா இல்லாம மூக்குக்கு நேரா இருக்கணும்னு சொன்னாங்க. பாப்பா கொட்டாவி விடுற மாதிரி வாய பெருசா தொறக்குற வரைக்கும் காத்திருக்கணும், தொறந்ததும் தாவாக்கட்டை முதல்ல மார்ல பதியுற மாதிரி கிட்ட கொண்டுவரணும், பின்மண்டைய புடிச்சு அழுத்தவே கூடாது, தோளையும் கழுத்தடியையும் தாங்குனா போதும். கீழ் உதடு வெளிய மடிஞ்சு, மேல் உதட்டுக்கு மேல கருப்பு வட்டம் கொஞ்சம் தெரியணும், கீழ தெரியக் கூடாது, கன்னம் குழி விழக் கூடாது. ரெண்டு மூணு தடவ வழுக்கி வழுக்கி வந்துச்சு, அப்புறம் ஒரு தடவ புடிச்சுது பாருங்க, வலி இல்ல, பாப்பா தொண்டையில "க்க்... க்க்..."னு முழுங்குற சத்தம் அந்த ரூம்ல தெளிவா கேட்டுச்சு. எடை போட்டா 36 கிராம், அதுவும் பாதி நேரத்துல. அந்த தராசு நம்பர பாத்து நான் அழுதுட்டேன்.

மாமியார் விஷயத்தயும் சொல்லணும். அத்தைக்கு பாப்பா மேல அவ்ளோ பாசம், ஆனா சிங்கப்பூர் சூட்டுக்கு கொஞ்சம் தண்ணி குடுக்கணும், நாக்குல தேன் தடவணும்னு தெனமும் ஒரு பேச்சு. இந்த அக்கா அத்தை கிட்ட மலாய்லயே பேச ஆரம்பிச்சாங்க, அத்தை சின்ன வயசுல கம்பத்துல (மலாய் கிராமத்துல) வளந்தவங்க, சரளமா பேசுவாங்க, ரெண்டு பேரும் அரை மணி நேரம் சிரிச்சு பேசுனாங்க. தாய்ப்பால்ல நூத்துக்கு 87 பங்குக்கு மேல தண்ணிதான், அதனால ஆறு மாசம் வரைக்கும் தனியா தண்ணியே வேணாம், சின்ன வயித்த தண்ணியால நெரப்புனா பால் குறையும். ஒரு வயசு வரைக்கும் தேன் வாயில படவே கூடாது, பொட்டுலிசம்னு ஒரு விஷ நோய் வரலாம். நான் சொன்னா ஏறாத விஷயம் அவங்க சொன்னதும் அத்தைக்கு ஏறிடுச்சு. பத்தியத்துக்கும் தடை சொல்லல. தேக்கா சந்தையில தேடி வாங்கிட்டு வந்த பால் சுறா புட்டு, பூண்டு, முருங்கைக்கீரை எல்லாம் நல்லா சாப்பிடு, உடம்புக்கு சத்துதான், ஆனா பால் ஊறுறது மார்லேருந்து பால் எவ்ளோ வெளிய போகுதோ அத வச்சுத்தான், 24 மணி நேரத்துல 8லேருந்து 12 தடவ குடுக்கணும், ராத்திரி வேளைய விட்டுடாதேன்னாங்க, பால் சுரக்க வைக்கிற ப்ரோலாக்டின் ராத்திரியிலதான் கூடுதலா இருக்குமாம். மஞ்சக்காமாலைக்கும் அதேதான், அடிக்கடி குடிச்சு அடிக்கடி ஆய் போனாத்தான் அந்த மஞ்ச வெளிய போகும். அஞ்சு நாளைக்கு அப்புறம் ஒரு நாளைக்கு ஆறு டயப்பராச்சும் நல்லா நனையணும்னு சொன்னதத்தான் நானும் அவரும் ஃப்ரிட்ஜ் கதவுல கோடு போட்டு கணக்கு வச்சோம்.

இன்னொண்ணு, பால் கட்டு. வீட்டுக்கு வர்ற ஜாமு (பிரசவத்துக்கு அப்புறம் செய்ற மலாய் பாரம்பரிய) மசாஜ்கார அம்மா கட்டிய அழுத்தி தேய்ச்சு கரைச்சிடலாம்னு சொல்லியிருந்தாங்க. அழுத்தி தேய்க்கவே கூடாதுன்னு இந்த அக்கா கண்டிப்பா சொல்லிட்டாங்க, 2022ல மாத்தின மருத்துவ வழிகாட்டியிலயும் அதேதான் இருக்கு. ஐஸ் ஒத்தடம், வழக்கம்போல பாப்பாவுக்கு குடுக்குறது, காலி பண்ணியே ஆகணும்னு பம்ப் போட்டு உறிஞ்சாம இருக்கிறது. காய்ச்சல், குளிரு, சிவந்து சூடா இருக்கிறது ஒரு நாள்ல கொறையலன்னா டாக்டர்.

எனக்கு இவங்க கிட்ட ரொம்ப புடிச்சது, பால் மாவ ஒரு பாவமா பேசல. எடை ஏறுற வரைக்கும் பீய்ச்சின பால ஸ்பூன்ல கூடுதலா குடு, அதுவும் பத்தலன்னு டாக்டர் சொன்னா மாவு குடுக்குறதுல தப்பு இல்ல, பாப்பாவுக்கு வயிறு நெறையணும், அதான் முதல்லன்னாங்க. எந்த மாத்திரையும் எந்த பிஸ்கட்டும் எந்த பம்பும் விக்க பாக்கல. வந்ததும் ஏதாச்சும் விக்கிறவங்கள நீங்க நம்பாதீங்க.

குறைன்னு பாத்தா, விலை. 180 வெள்ளி எல்லாருக்கும் சுலபமா எடுத்து குடுக்குற காசு இல்ல, சனி ஞாயிறுன்னா இன்னும் கூட. எழுதிக் குடுத்த பிளான் இங்கிலீஷ்லதான் இருந்துச்சு, அத்தைக்கு நான்தான் படிச்சு சொன்னேன். வேலைக்கு திரும்புறத பத்தி அஞ்சு நிமிஷம் கூட பேசல, 16 வாரம் பிரசவ லீவு கண்ண மூடி தொறக்குறதுக்குள்ள ஓடிடும், அப்புறம் ஆபீஸ்ல பீய்ச்சணும், எடுத்துட்டு எம்ஆர்டி ரயில்ல வரணும், இது எவ்ளோ பெரிய விஷயம். வாட்ஸ்அப்ல கேட்ட பிறகுதான் சொன்னாங்க. பீய்ச்சின பால் 25 டிகிரி வரைக்கும் வெளிய 4 மணி நேரம் தாங்கும் (ஏர்கான் இல்லாத நம்ம வீட்டுக்கு அது பொருந்தாது, உடனே உள்ள வச்சிடுங்க), ஐஸ் பேக் போட்ட கூலர் பையில 24 மணி நேரம், ஃப்ரிட்ஜ்ல 4 நாள், ஃப்ரீசர்ல 6 மாசத்துக்குள்ள முடிச்சிடுறது நல்லது, உருக்குன பால ஃப்ரிட்ஜ்ல வச்சு 24 மணி நேரத்துக்குள்ள குடுத்துடணும்.

காசு பத்தலன்னா முதல்ல உங்க ஆஸ்பத்திரியிலயே லாக்டேஷன் கிளினிக் இருக்கான்னு கேளுங்க. கேகே, என்யூஎச், எஸ்ஜிஎச் மூணும் பேபி ஃப்ரெண்ட்லி (தாய்ப்பால் குடுக்க துணையா இருக்கிற) ஆஸ்பத்திரின்னு சான்று வாங்குனவை, டிஸ்சார்ஜ் ஆன பிறகும் அப்பாயின்ட்மென்ட் போட்டு போகலாம். 1975லேருந்து இங்க பிரெஸ்ட்ஃபீடிங் மதர்ஸ் சப்போர்ட் குரூப் இருக்கு, பால் குடுத்த தாய்மாரே பயிற்சி எடுத்து தொண்டூழியமா ஃபோன்ல வழி சொல்றாங்க. குறைமாசத்துல பொறந்து ஆஸ்பத்திரியில இருக்கிற பாப்பாவுக்கு அம்மா பால் போதலன்னா, கேகேல 2017லேருந்து தாய்ப்பால் வங்கி இருக்கு, டாக்டர் கிட்ட கேளுங்க. உலக சுகாதார நிறுவனம் சொல்றதும் ஞாபகத்துல இருக்கட்டும், பொறந்த ஒரு மணி நேரத்துக்குள்ள ஆரம்பிச்சு, ஆறு மாசம் தாய்ப்பால் மட்டும், அப்புறம் சாப்பாட்டோட சேத்து ரெண்டு வயசு வரைக்கும், அதுக்கு மேலயும் குடுக்கலாம். ஒரு வயசு ஆச்சே இன்னுமான்னு கேக்குறவங்களுக்கு இதையே சொல்லுங்க.

தனியா கூப்பிடுறதா இருந்தா ஐபிசிஎல்சி (IBCLC, லாக்டேஷன் கன்சல்டன்ட்டுக்கான சர்வதேச தகுதி) சான்று இருக்கா, தராசு கொண்டு வருவாங்களான்னு ரெண்டையும் கேட்டுட்டு புக் பண்ணுங்க. அந்த சான்ற அஞ்சு வருஷத்துக்கு ஒரு தடவ புதுப்பிக்கணும், அதனால இப்ப செல்லுபடி ஆகுதான்னும் கேளுங்க. நேரத்த பாப்பாவுக்கு பசி எடுக்குற நேரமா பாத்து வாங்குங்க, வயிறு நெறஞ்சு தூங்குற பாப்பாவ வச்சுக்கிட்டு அவங்களால ஒண்ணும் பாக்க முடியாது.