தேக்காவில் நாசிக் வெங்காயம்: நான் வாங்கும் கடை பற்றி

சிங்கப்பூரின் தேக்கா வட்டாரத்தில், பஃபலோ சாலையில் நான் பல ஆண்டுகளாக மகாராஷ்டிரத்து நாசிக் வெங்காயம் வாங்கும் காய்கறிக் கடையின் பெருஞ்சிறப்பு, மூட்டை எந்த நாட்டுச் சரக்கு, எந்தப் பருவத்து அறுவடை என்பதைக் கேட்டவுடன் தெளிவாகச் சொல்வதாகும். இது சிறிய செய்தியன்று.

இந்தியாவின் வெங்காய விளைச்சல் 2022-23இல் ஏறத்தாழ 302 லட்சம் டன்னாக இருந்து, அடுத்த ஆண்டில் சுமார் 242 லட்சம் டன்னாகச் சரிந்தது. உள்நாட்டு விலையைக் கட்டுப்படுத்த 2023 டிசம்பரில் விதிக்கப்பட்ட ஏற்றுமதித் தடை 2024 மே மாதம்தான் நீங்கியது. அதன்பின் விதிக்கப்பட்ட 40 விழுக்காட்டு வரி, செப்டம்பரில் 20 ஆகக் குறைந்து, 2025 ஏப்ரலில் முற்றிலும் அகன்றது. தடைக்காலத்தில் இக்கடைக்காரர் வேறு நாட்டு வெங்காயத்தை இந்தியச் சரக்கென்று விற்காமல், பெயர் எழுதித் தனித்தனியே வைத்ததை நான் மறக்கவில்லை.

மார்ச் முதல் மே வரை அறுவடையாகும் ராபி (குளிர்காலப் பயிர்) வெங்காயம் தோல் இறுகி, ஈரம் குறைந்து, பல வாரங்கள் கெடாமல் இருக்கும். ஆண்டின் கடைசி மாதங்களில் வரும் காரிஃப் (மழைக்காலப் பயிர்) வெங்காயமோ நம் ஊர்ப் புழுக்கத்தில் விரைவில் அழுகும். ஆகவே டிசம்பரில் ஒரு கிலோவுக்கு மேல் வாங்க வேண்டாம் என்று அவரே தடுப்பார்.

சின்ன வெங்காயத்தில் மட்டும் எனக்குக் குறையுண்டு. பையின் அடியில் ஈரமானவை சில கிடக்கின்றன. விலையும் அருகிலுள்ள கடைகளைவிடச் சற்று அதிகம். பெரிய வெங்காயத்துக்கு மனமாரப் பரிந்துரைக்கிறேன்.