மைன்கிராஃப்டின் ரெட்ஸ்டோன்: விதிக்குக் கட்டுப்பட்ட மாயப்பொடி

கற்பனை உலகங்களில் வரும் மாயப்பொருள்களில் பெரும்பாலானவை, கதைக்கு நெருக்கடி வரும்போது தோன்றி, வேண்டியதைச் செய்துவிட்டு மறைந்துவிடுகின்றன. ஸ்வீடனின் மொஜாங் நிறுவனம் உருவாக்கிய, கனசதுரக் கட்டைகளால் ஆன உலகில் தோண்டியும் கட்டியும் ஆடும் மைன்கிராஃப்ட் என்ற கணினி விளையாட்டில் உள்ள ரெட்ஸ்டோன் அத்தகைய சலுகை எதையும் விளையாடுபவருக்குத் தருவதில்லை. 2010ஆம் ஆண்டில், விளையாட்டு ஆல்ஃபா என்னும் தொடக்கச் சோதனை நிலையில் இருந்தபோதே சேர்க்கப்பட்ட இந்தச் சிவப்புப் பொடி தனக்கென வகுக்கப்பட்ட விதிகளின்படி மட்டுமே இயங்கும். அந்தப் பிடிவாதத்தாலேயே இதை இவ்வகைக் கற்பனைப் பொருள்களுள் முதலிடத்தில் வைக்கிறேன்.

கிடைப்பதில் சிரமம் அதிகம் இல்லை. நிலத்தடியில் ஆழமாகச் செல்லச் செல்ல இதன் தாது மிகுதியாகக் காணப்படும். இரும்புக் குந்தாலியோ அதைவிட உயர்ந்ததோ கையில் இருந்தால் ஒரு தாதுக்கட்டியை உடைக்கும்போது நான்கைந்து பொடிகள் கிடைக்கும். தொட்டாலோ மிதித்தாலோ தாது ஒளிர்வது கண்ணுக்கு அழகு. மந்திர மருந்து காய்ச்சும்போது இந்தப் பொடியைச் சேர்த்தால் மருந்தின் வீரியம் நீண்ட நேரம் நீடிக்கும் என்பதும் உண்டு. ஆயினும் அதற்காக யாரும் இதைத் தேடிப் போவதாகத் தெரியவில்லை.

பொடியைத் தரையில் கோடாகத் தூவினால் அது கம்பியாகிறது. நெம்புகோலையோ பொத்தானையோ இயக்கினால் அதில் 15 என்ற வலிமையுடன் சமிக்ஞை பாய்கிறது. ஒவ்வொரு கட்டத்தைக் கடக்கும்போதும் அந்த வலிமை ஒன்று குறைந்து, பதினைந்து கட்டங்களுக்குப் பிறகு அறவே அற்றுப்போகிறது. மேலும் கொண்டுசெல்ல வேண்டுமானால் இடையில் ரிப்பீட்டர் வைக்க வேண்டும். அது வலிமையை மீண்டும் 15க்கு உயர்த்தும், ஆனால் அதற்கு விலையாக 0.1 முதல் 0.4 நொடி வரை தாமதத்தை ஏற்படுத்தும். எல்லையில்லாத் தொலைவுக்கு நொடியும் தாமதிக்காமல் ஓடும் பொருளாக இதை வடிவமைத்திருந்தால், விளக்கை ஏற்றவும் கதவைத் திறக்கவும் மட்டுமே அது பயன்பட்டு, சில நாட்களிலேயே அலுத்துப்போயிருக்கும்.

இதன் உண்மையான ஆற்றல், இந்தப் பொடியைக் கொண்டு செய்யப்படும் பந்தமான ரெட்ஸ்டோன் டார்ச்சில் இருக்கிறது. டார்ச் பொருத்தப்பட்ட கட்டைக்குச் சமிக்ஞை வந்தால் டார்ச் அணைகிறது, வராவிட்டால் எரிகிறது. இரண்டு கம்பிகளை ஒரே கட்டைக்குக் கொண்டுவந்து நிறுத்தினால், இரண்டிலும் சமிக்ஞை இல்லாதபோது மட்டும் எரியும் டார்ச் கிடைக்கும். மின்னணுவியலில் இதற்கு நார் (NOR) வாயில் என்று பெயர். இந்த ஒரே வாயிலைத் திரும்பத் திரும்ப அடுக்கியே எந்தத் தருக்கச் சுற்றையும் அமைத்துவிடலாம் என்பது நிறுவப்பட்ட உண்மை. ரிலே என்னும் மின்விசைச் சுற்றுகளை, உண்மை, பொய் என்ற இரு மதிப்புகளை மட்டும் கையாளும் பூலியன் இயற்கணிதத்தால் விவரிக்கலாம் என்று அமெரிக்கக் கணிதவியலாளர் கிளாட் ஷானன் 1937இல் தம் முதுகலை ஆய்வேட்டில் காட்டியதை, விளையாடும் சிறுவர்கள் தாங்களாகவே கண்டுபிடிக்க இந்தப் பொடி வழிசெய்கிறது. கூட்டல் இயந்திரங்களையும் முழுக் கணினிகளையும் இதைக்கொண்டே கட்டியிருக்கிறார்கள். ஒவ்வொரு டார்ச்சும் 0.1 நொடி எடுத்துக்கொள்வதால் அவை ஆமை வேகத்தில்தான் இயங்கும் என்பது வேறு விஷயம்.

2013இல் வந்த 1.5 பதிப்பு இப்பொருளுக்கு மறுபிறவி தந்தது எனலாம். பெட்டி எவ்வளவு நிரம்பியிருக்கிறது என்பதை அளக்கும் கம்பேரட்டரும், பொருள்களைத் தானே கடத்தும் ஹாப்பரும் அப்போது சேர்ந்தன. ஒரு ஹாப்பரில் குறிப்பிட்ட பொருளை முன்கூட்டியே அளவாக நிரப்பி வைத்து, அந்த அளவு கூடும்போது மட்டும் கீழே உள்ள ஹாப்பரின் பூட்டு திறக்குமாறு அமைத்தால், அறுவடையை இனம் பிரித்து அடுக்கும் கிடங்கு உருவாகிவிடுகிறது. அதுவரை கதவோடும் பொறியோடும் நின்றிருந்த ரெட்ஸ்டோன் அன்றாட உழைப்பைக் குறைக்கும் கருவியானது இங்கேதான்.

குறைகளும் சொல்லப்பட வேண்டும். முதலாவதும் பெரியதும், கணினிக்கு மட்டுமேயான ஜாவா பதிப்பிலும், கைபேசி உள்ளிட்ட பல கருவிகளில் ஓடும் பெட்ராக் பதிப்பிலும் ஒரே பொடி இருவேறு விதமாக நடந்துகொள்வது. ஜாவாவில், சமிக்ஞை வந்தால் முன்னுள்ள கட்டையைத் தள்ளும் பிஸ்டனுக்கு மேலே உள்ள வெற்றிடத்தை எட்டும் சமிக்ஞையும் அந்தப் பிஸ்டனை இயக்கிவிடும். பெட்ராக்கில் இந்த விசித்திரம் இல்லை. மாறாக, பெட்ராக்கில் பிஸ்டன் பெட்டியைத் தள்ளும், ஜாவாவில் தள்ளாது. இதனால் ஒரு பதிப்புக்கான செய்முறையைப் பார்த்து மற்றொன்றில் கட்டுபவருடைய உழைப்பு வீணாகிறது. இரண்டாவதாக, விளையாட்டுக்குள் விளக்கம் என்று எதுவுமே இல்லை: ரிப்பீட்டரைச் செய்யும் முறையைச் செய்முறைப் புத்தகம் காட்டும், அது எதற்கு என்று சொல்லாது. மேலும், விளையாடுபவர் வெகுதூரம் விலகிவிட்டால் அப்பகுதிச் சுற்றுகள் அப்படியே உறைந்துவிடும் என்பதைத் தானியங்கிப் பண்ணை அமைப்போர் அறிந்திருப்பது நல்லது.

கணினிக்கு வாங்குவோருக்கு 2022 முதல் இரண்டு பதிப்புகளும் ஒன்றாகவே விற்கப்படுகின்றன. சுற்றுகளை அமைப்பதற்காகவே வாங்குபவர்கள் ஜாவாவைத் தேர்ந்தெடுக்கலாம். ஏனெனில் பெட்ராக்கில் ஒரே நேரத்தில் இயங்கவேண்டிய பிஸ்டன்களின் வரிசை எப்போதும் ஒன்றுபோல் அமைவதில்லை. கைபேசியில் விளையாடும் பிள்ளைகளுக்கு பெட்ராக்கைத் தவிர வேறு வழியில்லை; அவர்கள் செய்முறைக் காணொளியைத் தொடங்குமுன் அது எந்தப் பதிப்புக்கானது என்று பார்த்துக்கொள்ள வேண்டும்.